சேர ஒரு க்ளிக், விலக ஒன்பது போன் கால்: ஆன்லைன் மியூசிக் கிளாஸ் பணம் திரும்பக் கிடைக்குமா?

விஜயதசமி நெருங்கினாலே போன் திரையில் வீணையும் கீபோர்டும் வரிசை கட்டி வந்துவிடும். "நல்ல நாள், இன்னிக்கே சேருங்க, பாதி விலை." கை தானாக அந்த பட்டனுக்குப் போகும். சேர்வது அவ்வளவு சுலபம். விலகுவது?

ஒரு உதாரணம். சென்னை ஓஎம்ஆரில் ஐடி வேலை பார்க்கும் ஒருவர் என்று வைத்துக்கொள்வோம். சின்ன வயதிலிருந்தே கீபோர்டு கத்துக்கணும்னு ஆசை. அப்போது வீட்டில் வசதி இல்லை, இப்போது சம்பளம் வருகிறது. ஒரு ஆப்பில் இலவச டெமோ கிளாஸ் போடுகிறார். டெமோ முடிந்த கையோடு போன் வருகிறது. "சார், இந்த ஆஃபர் இன்னிக்கு ராத்திரி 12 மணி வரைக்கும்தான். 96 கிளாஸ், 48,000 ரூபாய். மொத்தமா கட்ட வேண்டாம், மாசம் 4,000 இஎம்ஐ போட்டுக்கலாம்." பான் நம்பர், ஆதார் ஓடிபி, ஒரு செல்ஃபி. பத்து நிமிஷத்தில் அட்மிஷன் முடிந்தது.

மூன்றாவது மாதம் ப்ராஜெக்ட் மாறுகிறது, நைட் ஷிஃப்ட் வருகிறது. 14 கிளாஸோடு கீபோர்டுக்கு உறை போட்டாச்சு. கேன்சல் செய்யலாம் என்று ஆப்பைத் திறந்தால் அப்படி ஒரு பட்டனே இல்லை. கஸ்டமர் கேருக்குப் போன் போட்டால், "ரெண்டு மாசம் பாஸ் பண்ணி வைங்க சார்." அடுத்த காலில், "வேற டீச்சர் தர்றோம்." அதற்கடுத்த காலில், "தங்கச்சி பேருக்கு மாத்திக்கோங்களேன்." ஒன்பது கால் ஆகிவிட்டது. ஆனால் 5-ம் தேதி ஆனால் 4,000 ரூபாய் மட்டும் டான் என்று கணக்கிலிருந்து போய்விடுகிறது.

இவர் கற்பனை மனிதர்தான். ஆனால் இந்தக் கதையை 'எனக்கே நடந்த மாதிரி இருக்கே' என்று படிப்பவர்கள் இருந்தால் ஆச்சரியமில்லை. இங்கே கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான். பாதியில் நிறுத்துவது தவறா, நடத்தாத 82 கிளாஸுக்கான பணத்தை வைத்துக்கொள்வது தவறா?

தெரு முனை பாட்டு டீச்சர் இப்படிச் செய்வாரா?

பழைய முறையை நினைத்துப் பாருங்கள். தெரு முனையில் ஒரு பாட்டு டீச்சர். மாசம் பிறந்தால் ஃபீஸ். சரளி வரிசை முடிந்து ஜண்டை வரிசைக்கு வருவதற்குள் பாதிப் பேர் நின்றுவிடுவார்கள். "பரீட்சை வருது டீச்சர்" என்று ஒரு வார்த்தை, அவ்வளவுதான். டீச்சருக்கு வருத்தம் இருக்கும், ஆனால் அடுத்த மாத ஃபீஸை வீட்டுக்கு வந்து எடுத்துக்கொண்டு போக மாட்டார்.

இசை கற்பதில் பாதியில் நிற்பது சகஜம். கிட்டார் என்றால் முதல் சில வாரம் விரல் நுனி வலிக்கும். கீபோர்டு என்றால் இரண்டு கையும் தனித்தனியாக வேலை செய்யப் பழக வேண்டும். தினமும் அரை மணி நேர சாதகம் இல்லாமல் எதுவும் வராது. வேலை, கல்யாணம், குழந்தை, ஊர் மாற்றம் என எது வந்தாலும் முதலில் அடிபடுவது இந்த அரை மணி நேரம்தான்.

கத்துக்கிறவர்களுக்குத் தெரிந்த இந்த விஷயம் விற்பவர்களுக்கும் தெரியும். மாத ஃபீஸில் ஆள் நின்றால் நஷ்டம் ஆப்புக்கு. ஒரு வருட பேக்கேஜை முன்கூட்டியே வாங்கிவிட்டால் நஷ்டம் மாணவருக்கு. 'பாதி விலை' என்ற ஆஃபருக்குப் பின்னால் நடக்கும் கைமாற்றம் இதுதான்.

முதலில் பார்க்க வேண்டியது: பணம் எந்த வழியாகப் போகிறது?

கேன்சல் செய்யும் வழி, பணம் கட்டிய வழியைப் பொறுத்தது. மூன்று வழிகள் உண்டு.

முதலாவது, கூகுள் பிளே அல்லது ஆப்பிள் ஆப் ஸ்டோர் வழியாகக் கட்டும் சப்ஸ்கிரிப்ஷன். இங்கே பலர் செய்யும் தப்பு, ஆப்பை போனிலிருந்து நீக்கிவிட்டு எல்லாம் முடிந்தது என்று நினைப்பது. ஆப்பை அன்-இன்ஸ்டால் செய்தால் சப்ஸ்கிரிப்ஷன் நிற்காது. பிளே ஸ்டோரில் உங்கள் படத்தைத் தொட்டு, பேமென்ட்ஸ் பகுதிக்குள் இருக்கும் சப்ஸ்கிரிப்ஷன்ஸில் போய்த்தான் நிறுத்த வேண்டும். ஐபோனில் செட்டிங்ஸில் உங்கள் பெயரைத் தொட்டால் சப்ஸ்கிரிப்ஷன்ஸ் இருக்கும். இலவச ட்ரையல் என்றால் கடைசி நாள் வரை காத்திருக்க வேண்டாம். ஆப்பிளில் ட்ரையல் முடிய குறைந்தது 24 மணி நேரத்துக்கு முன்பே கேன்சல் செய்துவிட வேண்டும். கூகுள் பிளேயில் பணம் போன 48 மணி நேரத்துக்குள் ரீஃபண்ட் கேட்டால் கிடைக்க வாய்ப்பு அதிகம். அதற்குப் பிறகு ஆப் நிறுவனத்திடம் கேளுங்கள் என்று அனுப்பிவிடுவார்கள்.

இரண்டாவது, கார்டு அல்லது யுபிஐ ஆட்டோபே. இங்கே ரிசர்வ் வங்கியின் விதிகள் உங்கள் பக்கம் இருக்கின்றன. பணம் எடுப்பதற்குக் குறைந்தது 24 மணி நேரத்துக்கு முன் எஸ்எம்எஸ் அல்லது மெயில் வர வேண்டும். அந்த ஒரு தவணையை மட்டும் நிறுத்தவும், மொத்த மேன்டேட்டையே ரத்து செய்யவும் உங்களுக்கு வசதி தர வேண்டும். 2022 ஜூனிலிருந்து 15,000 ரூபாய் வரையிலான தொடர் கட்டணங்களுக்கு ஒவ்வொரு முறையும் ஓடிபி கேட்கப்படுவதில்லை. அதனால் அந்த எஸ்எம்எஸ்ஸைப் படிப்பது முக்கியம். யுபிஐ ஆப்பில் ஆட்டோபே அல்லது மேன்டேட் என்ற பகுதிக்குப் போய், பின் நம்பர் போட்டு நீங்களே ரத்து செய்யலாம். இதற்கு மியூசிக் ஆப்பின் அனுமதி தேவையில்லை.

மூன்றாவதுதான் சிக்கலானது: இஎம்ஐ. "மாசாமாசம் ஃபீஸ் மாதிரிதான் சார்" என்று சொல்வார்கள். அது ஃபீஸ் இல்லை, கடன். ஒரு நிதி நிறுவனம் உங்கள் பெயரில் கடன் கொடுத்து, அந்தப் பணத்தை ஆப்பிடம் கட்டிவிடுகிறது. நீங்கள் கிளாஸுக்குப் போனாலும் போகாவிட்டாலும் கடனைக் கட்ட வேண்டியது நீங்கள். கோபத்தில் மேன்டேட்டை நிறுத்தினால் அடிபடுவது ஆப் இல்லை, உங்கள் கிரெடிட் ஸ்கோர். நாளைக்கு வீட்டுக் கடனுக்குப் போய் நின்றால், கீபோர்டு கிளாஸ் பாக்கி அங்கே வந்து நிற்கும்.

டிஜிட்டல் கடன்களுக்கு 'கூலிங் ஆஃப்' என்ற அவகாசம் இருக்க வேண்டும் என்பது ரிசர்வ் வங்கி விதி. அந்த அவகாசத்துக்குள் அசலையும் அதுவரையிலான வட்டியையும் கட்டிவிட்டு, அபராதம் இல்லாமல் கடனிலிருந்து வெளியே வந்துவிடலாம். ஆனால் அந்த அவகாசம் குறைந்தது ஒரு நாள் இருந்தால் போதும் என்பதுதான் 2025-ம் ஆண்டு விதி. எத்தனை நாள் என்பது கடனோடு தரப்படும் முக்கிய விவரக் குறிப்பில் இருக்கும். டெமோ முடிந்த உற்சாகத்தில் அதைத் திறந்து பார்ப்பவர் எத்தனை பேர்?

சட்டம் எங்கே கைகொடுக்கிறது?

சட்டமே இல்லை என்று சொல்ல முடியாது. நிறையவே இருக்கிறது.

நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம், 2019-ன்படி, சேவையில் குறை இருந்தால், பில்லில் சொன்ன காலத்துக்குள் பணத்தைத் திருப்பித் தர வேண்டும். காலம் எதுவும் சொல்லவில்லை என்றால் 30 நாட்களுக்குள் தர வேண்டும். மறுத்தால் அது நியாயமற்ற வணிக நடைமுறை. சொன்ன டீச்சர் வரவில்லை, கிளாஸ் அடிக்கடி ரத்தாகிறது, ஒன்-டு-ஒன் என்று சொல்லிவிட்டு கும்பலில் சேர்த்துவிட்டார்கள் என்றால் இது நேரடியாகப் பொருந்தும்.

2020-ல் வந்த மின் வணிக விதிகள், ஒவ்வொரு தளத்திலும் குறைதீர்ப்பு அதிகாரியின் பெயரும் தொடர்பு விவரமும் இருக்க வேண்டும் என்கின்றன. புகார் வந்த 48 மணி நேரத்துக்குள் கிடைத்தது என்று பதில் சொல்ல வேண்டும். ஒரு மாதத்துக்குள் தீர்வு தர வேண்டும்.

2023 நவம்பர் 30-ல் வந்த 'டார்க் பேட்டர்ன்' வழிகாட்டுதல்கள் இன்னும் நேராகவே பேசுகின்றன. பயனாளரை ஏமாற்றும் 13 வகை டிசைன் தந்திரங்கள் அதில் பட்டியலிடப்பட்டுள்ளன. அதில் ஒன்று 'சப்ஸ்கிரிப்ஷன் ட்ராப்'. கேன்சல் செய்யும் வழியை ஒளித்து வைப்பது, அதை நீண்ட சிக்கலான வேலையாக்குவது, இலவச சப்ஸ்கிரிப்ஷனுக்கே கார்டு விவரம் கட்டாயம் என்று கேட்பது எல்லாம் இதற்குள் வரும். "இன்னிக்கு ராத்திரி 12 மணி வரைக்கும்தான்" என்ற பொய் அவசரமும் இந்தப் பட்டியலில் தனியாக இருக்கிறது. மேலே சொன்ன உதாரணத்தில் வரும் ஒன்பது கால், இல்லாத பட்டன் எல்லாம் இந்தப் பட்டியலோடு வைத்துப் பார்க்க வேண்டியவைதான்.

எங்கே கைவிடுகிறது?

இவ்வளவு இருந்தும் ஒரு ஓட்டை இருக்கிறது. சேவையில் குறை இருந்தால் சட்டம் வருகிறது. வழியை மறித்தால் சட்டம் வருகிறது. ஆனால் டீச்சர் நல்லவர், கிளாஸ் ஒழுங்காக நடக்கிறது, மாணவரின் சூழ்நிலைதான் மாறிவிட்டது என்றால்? மீதிப் பணம் எவ்வளவு வரும் என்பதை ஆப்பின் 'டேர்ம்ஸ் அண்ட் கண்டிஷன்ஸ்'தான் முடிவு செய்கிறது. அதை எழுதியவர் விற்றவர்.

அந்த உதாரணக் கணக்கையே எடுத்துக்கொள்வோம். 96 கிளாஸ் 48,000 ரூபாய் என்றால் ஒரு கிளாஸ் 500. போன 14 கிளாஸுக்கு 7,000 போக, 41,000 திரும்ப வர வேண்டும். ஆனால் நிபந்தனையில் "விலகினால் தள்ளுபடி ரத்து, கிளாஸ் ஒன்றுக்கு 900 ரூபாய்" என்று ஒரு வரி இருந்தால்? 12,600 போய்விடும், கைக்கு வருவது 35,400. "30 நாட்களுக்குப் பின் ரீஃபண்ட் கிடையாது" என்று இன்னொரு வரி இருந்தால் அதுவும் பூஜ்யம்.

ஒரு பக்கமாகச் சாயும் ஒப்பந்தத்தை 'நியாயமற்ற ஒப்பந்தம்' என்று 2019 சட்டமே சொல்கிறது. ஆனால் அந்தக் காரணத்தைச் சொல்லி வழக்குப் போட மாவட்ட ஆணையத்துக்குப் போக முடியாது, மாநில ஆணையத்துக்குத்தான் போக வேண்டும். 41,000 ரூபாய்க்காக அவ்வளவு தூரம் யார் போவார்கள்?

இன்னொரு வேடிக்கையும் உண்டு. கோச்சிங் சென்டர்களுக்காக மத்திய கல்வி அமைச்சகம் 2024 ஜனவரியில் வழிகாட்டுதல்கள் வெளியிட்டது. முழு ஃபீஸ் கட்டிய மாணவர் நடுவில் விலகினால், மீதிக் காலத்துக்கான பணத்தை 10 நாட்களுக்குள் திருப்பித் தர வேண்டும் என்று அதில் தெளிவாக இருக்கிறது. அதே ஆவணம் கோச்சிங் என்றால் என்ன என்று விளக்கும் இடத்தில், விளையாட்டு, நடனம், நாடகம் உள்ளிட்ட படைப்புக் கலைகள் இதில் சேராது என்று ஒதுக்கிவிட்டது. ஆக, நீட் கோச்சிங்கில் பாதியில் நின்றால் பணம் கேட்க ஒரு வரி இருக்கிறது. மியூசிக் கிளாஸில் நின்றால் அந்த வரி இல்லை. இரண்டிலும் கட்டியது அதே ரூபாய் நோட்டுதானே!

ஆப் தரப்பில் நியாயமே இல்லையா?

இருக்கிறது. அதையும் சொல்லத்தான் வேண்டும். லைவ் கிளாஸ் என்றால் ஒரு டீச்சரின் நேரம் அது. செவ்வாய், வியாழன் மாலை 7 மணி என்று ஒருவருக்காக ஒதுக்கிவிட்டால் வேறு மாணவரை அங்கே போட முடியாது. திடீரென்று அவர் நின்றால் அந்த இடம் உடனே நிரம்பாது. ரெக்கார்டட் கோர்ஸில் வேறு பிரச்சனை. மொத்த வீடியோவையும் ஒரே வாரக் கடைசியில் பார்த்து முடித்துவிட்டு, 'பிடிக்கலை, பணம் கொடு' என்று கேட்பவர்களும் உண்டு.

ஆனால் இதற்கான பதில் ஒரு மாத நோட்டீஸ். அல்லது பார்த்த பகுதிக்கான பணத்தைக் கழித்துக்கொள்வது. ஒரு மாதம் நிரம்பாத இடத்துக்காக எட்டு மாதப் பணத்தைப் பிடித்து வைப்பது பதில் ஆகாது. தவிர, மாணவர் நின்றதால் மிச்சமான அந்தப் பணம் டீச்சருக்குப் போய்ச் சேருகிறதா என்ற கேள்வியையும் இந்த இடத்தில் கேட்டே ஆக வேண்டும்.

சிக்கிக்கொண்டால் என்ன செய்யலாம்?

1. போனில் பேசிக்கொண்டே இருக்க வேண்டாம். 'இந்தத் தேதி முதல் விலகுகிறேன், மீதி இத்தனை கிளாஸுக்கான பணம் வேண்டும்' என்று மெயிலில் எழுதுங்கள். போனில் சொன்னதை நாளைக்கு நிரூபிக்க முடியாது.

2. ஆதாரம் சேருங்கள். சேரும்போது காட்டிய ஆஃபர், சேல்ஸ் ஆள் அனுப்பிய வாட்ஸ்அப் மெசேஜ், நடந்த கிளாஸ் எண்ணிக்கை, பில் எல்லாவற்றையும் ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள். ஆப்பில் லாகின் போன பிறகு எதுவும் கிடைக்காது.

3. ஆட்டோபே என்றால் அன்றைக்கே மேன்டேட்டை ரத்து செய்யுங்கள். கடன் என்றால் அவசரப்பட வேண்டாம். ஆப்புக்கும் நிதி நிறுவனத்துக்கும் ஒரே நேரத்தில் எழுதி, கடனை மூடச் சொல்லிக் கேளுங்கள். 30 நாட்களில் நிதி நிறுவனத்திடமிருந்து சரியான பதில் வரவில்லை என்றால் ரிசர்வ் வங்கியின் ஒம்புட்ஸ்மேனிடம் ஆன்லைனில் புகார் கொடுக்கலாம். கட்டணம் கிடையாது.

4. அடுத்து, ஆப்பின் குறைதீர்ப்பு அதிகாரிக்கு எழுதுங்கள். 48 மணி நேரம், ஒரு மாதம் என்ற இரண்டு கெடுவையும் மெயிலிலேயே குறிப்பிடுங்கள். விதி தெரிந்தவர் என்று தெரிந்தால் பதிலின் தொனி மாறும்.

5. அப்படியும் நகரவில்லை என்றால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. தமிழிலும் பேசலாம். இது வழக்கு இல்லை, நிறுவனத்தோடு பேசித் தீர்க்கும் முயற்சி. பல நேரங்களில் இதிலேயே விஷயம் முடிந்துவிட வாய்ப்பு உண்டு.

6. கடைசியாக மாவட்ட நுகர்வோர் ஆணையம். ஆப்பின் தலைமை அலுவலகம் எந்த ஊரில் இருந்தாலும், நீங்கள் வசிக்கும் அல்லது வேலை பார்க்கும் மாவட்டத்திலேயே புகார் கொடுக்கலாம். இ-ஜாக்ரிதி தளத்தில் ஆன்லைனிலேயே பதிவு செய்யலாம். 5 லட்சம் ரூபாய் வரையிலான சேவைக்குக் கட்டணம் இல்லை, வக்கீலும் கட்டாயம் இல்லை. பிரச்சனை எழுந்த 2 ஆண்டுகளுக்குள் போக வேண்டும். நேரம் எடுக்கும் என்பதையும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

என்ன மாற வேண்டும்?

மேலே உள்ள ஆறு படிகளைப் படிக்கும்போதே ஒரு விஷயம் புரிந்திருக்கும். சேர ஒரு படி, விலக ஆறு படி. அந்த ஆறு படிகளும் நுகர்வோரின் தலையில்.

இதை மாற்றியவர்கள் இருக்கிறார்கள். ஜெர்மனியில் 2022 ஜூலை 1 முதல், இணையத்தில் சந்தா விற்கும் நிறுவனங்கள் தங்கள் தளத்திலேயே தெளிவான கேன்சல் பட்டன் வைத்தாக வேண்டும். ஐரோப்பிய ஒன்றியத்தில், இணையம் வழியாக வாங்கிய பெரும்பாலான சேவைகளிலிருந்து 14 நாட்களுக்குள் காரணம் சொல்லாமலே விலகலாம். அதுவரை பயன்படுத்தியதற்கு மட்டும் பணம் கட்டினால் போதும். அமெரிக்காவில் இதே போன்ற 'க்ளிக் டு கேன்சல்' விதி 2024-ல் வந்தது. ஆனால் அதைக் கொண்டுவந்த நடைமுறை சரியில்லை என்று 2025 ஜூலையில் நீதிமன்றம் ரத்து செய்துவிட்டது. விதி எழுதுவதோடு வேலை முடியாது, அது நிற்கும்படி எழுத வேண்டும் என்பதற்கு அது ஒரு பாடம்.

இந்தியாவுக்குப் பெரிய புரட்சி எதுவும் தேவையில்லை. மூன்று வரி போதும். ஒன்று, சேர்ந்த அதே ஆப்பில், அதே அளவு க்ளிக்கில் விலகும் வழி. இரண்டு, நடக்காத கிளாஸுக்கான பணம், சேரும்போது சொன்ன அதே விலைக் கணக்கில், 10 நாட்களுக்குள். கோச்சிங்குக்கு எழுதிய வரியைக் கலைகளுக்கும் நீட்டினால் போதும். மூன்று, கிளாஸ் ரத்தானால் அதற்காக எடுத்த கடனும் தானாக மூடப்பட வேண்டும். அந்த வேலையை ஆப்பும் நிதி நிறுவனமும் தங்களுக்குள் முடித்துக்கொள்ளட்டும்.

இதனால் நல்ல ஆப்களுக்கு நஷ்டம் வராது. எப்போது வேண்டுமானாலும் வெளியே வரலாம் என்று தெரிந்தால்தான் தயங்கி நிற்பவரும் உள்ளே வருவார். முப்பது வயதில் முதல் முறையாக 'ஸ ரி க ம' சொல்லிப் பார்க்க ஆசைப்படுபவரைத் தடுப்பது வயசு இல்லை, கூச்சமும் இல்லை. 'மாட்டிக்கிட்டா என்ன பண்றது' என்ற பயம்தான்.

நைட் ஷிஃப்ட் முடிந்ததும் மறுபடி கத்துக்கலாம் என்ற ஆசை அந்த ஓஎம்ஆர் இளைஞருக்கு இன்னமும் இருக்கலாம். மாதாமாதம் 4,000 ரூபாய் போகும் எஸ்எம்எஸ்ஸைப் பார்க்கும் ஒவ்வொரு முறையும் அந்த ஆசையும் கொஞ்சம் செத்துப்போகும். அதற்கு எந்த ஆணையமும் ரீஃபண்ட் தராது.